லீன், சபீனா, செவரலி: ஒரு குமாஸ்தாவின் கேள்விகள்

மலேசியாவின் செபராங் பிறையிலிருந்து ஒரு சகோதரி எழுதியிருக்கும் நீண்ட கடிதத்தின் சாரத்தை, அவரை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை நீக்கிவிட்டு, முதலில் தருகிறேன்.

அவருக்கு வயது 34. தமிழ்ப்பள்ளியில் தொடங்கி, இடைநிலைப்பள்ளியில் எஸ்பிஎம் என்ற இறுதித் தேர்வை முடித்தவர். எட்டு ஆண்டுகளாக ஜார்ஜ்டவுனில் உள்ள ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் நில விற்பனை ஆவணங்களையும் வங்கிக் கடன் ஆவணங்களையும் தயாரிக்கும் குமாஸ்தாவாக வேலை செய்கிறார். இரண்டு மாதங்களுக்கு முன், வாடிக்கையாளர்கள் அமர்ந்திருந்த அறையில் ஓர் ஆவணத்தை வாசித்துக் காட்டியபோது, கடன் கொடுத்தவர் நிலத்தின்மீது பெறும் ஒருவகை உரிமையைக் குறிக்கும், 'லீன்' என்று சொல்லவேண்டிய சொல்லை 'லயன்' என்று வாசித்துவிட்டார். இங்கிலாந்தில் படித்துத் திரும்பிய இளம் வழக்கறிஞர் ஒருவர், "சிங்கம் எங்கிருந்து வந்தது?" என்று கேட்க, அறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். அதே வாரத்தில் சாட்சிக்கு அனுப்பும் நீதிமன்ற அழைப்பாணையை 'சப்போயினா' என்று சொல்லி மறுபடியும் திருத்தப்பட்டார். அன்றிலிருந்து தொலைபேசி அழைப்புகளைத் தோழியிடம் தள்ளிவிடுகிறார். கூட்டங்களில் வாய் திறப்பதில்லை. அரிய ஆங்கிலச் சொற்களின் தொகுப்பு ஒன்றை வாங்கி, தினமும் காலையில் பட்டர்வொர்த் ஃபெர்ரியில் மனப்பாடம் செய்துவருகிறார். சரியான உச்சரிப்பை இறுதியாகச் சொல்லும் ஒரே நூல் எது என்றும், உச்சரிப்பைக் காரணம் காட்டி அலுவலகம் தன்னைக் கீழ்ப்பதவிக்கு இறக்க முடியுமா, அதற்கு முன் தானே விலகிவிடுவது நல்லதா என்றும் கேட்கிறார்.

கடிதத்தின் கடைசிப் பத்தியில், போகிற போக்கில், இன்னொன்றும் எழுதியிருக்கிறார். அவருடைய அண்ணன் லாரித் தொழிலுக்காக வங்கியில் 180,000 ரிங்கிட் கடன் கேட்டிருக்கிறார். இவரும் வேறு இருவரும் ஜாமீன் கையெழுத்துப் போடவேண்டும். பத்திரத்தில் 'ஜாயின்ட்லி அண்ட் செவரலி' என்று இருக்கிறது. "அகராதியில் பார்த்தேன். செவரலி என்றால் தனித்தனியாக என்று போட்டிருக்கிறது. அப்படியானால் மூவரும் தனித்தனியே ஆளுக்கு 60,000 ரிங்கிட்டுக்குத்தான் பொறுப்பு என்பது சரிதானே? அடுத்த வாரம் கையெழுத்திடப் போகிறேன்."

அன்புச் சகோதரி,

நீங்கள் மூன்று பக்கங்கள் வருந்தி எழுதியிருப்பது 'லீன்' என்ற சொல்லைப் பற்றி. எனக்குக் கவலை தந்தது கடைசி மூன்று வரிகளில் வரும் 'செவரலி'. அதை நீங்கள் பிழையின்றி உச்சரிப்பீர்கள், யாரும் சிரிக்கமாட்டார்கள், பேனாவை உங்கள் கையில் கொடுத்துவிடுவார்கள். எனவே கடைசிக் கேள்விக்கே முதலில் பதில் சொல்கிறேன். இந்தப் பதிலை முழுவதும் படித்து, நான் கீழே சொல்பவற்றைச் செய்து முடிக்கும்வரை, அந்தப் பத்திரத்தில் கையெழுத்திடாதீர்கள்.

'ஜாயின்ட்லி அண்ட் செவரலி' என்பதன் பொருள்

அகராதி உங்களிடம் பொய் சொல்லவில்லை. 'செவரலி' என்றால் தனித்தனியாக என்பது உண்மையே. ஆனால் எது தனித்தனியாக என்பதில்தான் நீங்கள் தவறிவிட்டீர்கள். கடன் தனித்தனியாகப் பிரிகிறது என்று நீங்கள் எடுத்துக்கொண்டீர்கள். சட்டத்தில், ஒவ்வொருவரும் தனித்தனியாக முழுக் கடனுக்கும் பொறுப்பாகிறார். மூவரும் சேர்ந்தும் பொறுப்பு, ஒவ்வொருவரும் தனியாகவும் முழுப் பொறுப்பு. அந்தத் தொடரின் சாரம் இதுதான். உங்கள் அண்ணனால் கடனைக் கட்ட முடியாமல் போனால், வங்கி மற்ற இருவரையும் விட்டுவிட்டு, மாதச் சம்பளமும் நிலையான முகவரியும் உள்ள உங்கள் ஒருவரிடமே மொத்தத் தொகையையும், பத்திரத்தில் எழுதியிருந்தால் வட்டியையும் வழக்குச் செலவையும் சேர்த்துக் கேட்கலாம். அண்ணன்மீது முதலில் வழக்குப் போட்டுவிட்டுத்தான் உங்களிடம் வரவேண்டும் என்ற கட்டாயமும் பொதுவாக இல்லை. 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 81ஆம் பிரிவு, பிணையாளரின் பொறுப்பு கடனாளியின் பொறுப்புக்கு இணையானது என்கிறது. ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் மட்டும் அது மாறும்.

நீங்கள் நினைத்த மூன்றில் ஒரு பங்கு என்பது அடியோடு ஆதாரமற்றதும் அல்ல. நீங்கள் முழுத் தொகையையும் கட்டிவிட்டால், மற்ற இரு பிணையாளர்களிடமிருந்து அவரவர் பங்கைக் கேட்கும் உரிமையும், அண்ணனிடமிருந்து முழுவதையும் கேட்கும் உரிமையும் உங்களுக்கு வரும். ஆனால் அது உங்கள் நால்வருக்குள் தீர்த்துக்கொள்ளவேண்டிய கணக்கு. வங்கியை அது கட்டுப்படுத்தாது. கையில் பணம் இல்லாதவரிடம் அந்த உரிமையை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்பதையும் நீங்கள் யோசிக்கவேண்டும்.

இன்னொரு தவறான நம்பிக்கையையும் உங்கள் கடிதத்தில் பார்க்கிறேன்: "ஜாமீன் போட்டவரை இப்போது திவாலாக்க முடியாதாமே." 2017இல் திவால் சட்டம் திருத்தப்பட்டபோது பாதுகாப்புப் பெற்றவர் 'சமூகப் பிணையாளர்'. லாப நோக்கின்றி, கல்விக் கடனுக்கோ, சொந்தப் பயன்பாட்டுக்கான வாகனத்தின் தவணைக் கடனுக்கோ, தாமே குடியிருக்கும் வீட்டுக்கான கடனுக்கோ ஒருவருக்காகக் கையெழுத்திட்டவர் அவர். தொழிலுக்கு வாங்கும் லாரி இந்த மூன்றில் எதிலும் அடங்காது. சமூகப் பிணையாளர் அல்லாத, உங்களைப் போன்ற பிணையாளர்கள்மீது திவால் நடவடிக்கை எடுக்க, கடனாளியிடம் வசூலிக்கும் வழிகளையெல்லாம் முயன்று முடித்துவிட்டதாகக் காட்டி நீதிமன்ற அனுமதி பெறவேண்டும். கடனும் குறைந்தது 100,000 ரிங்கிட்டாக இருக்கவேண்டும். அது ஓரளவு தடைதான். ஆனால் உங்கள்மீது பணத்துக்காக வழக்குத் தொடுத்துத் தீர்ப்பு வாங்குவதை அது தடுக்காது.

அதே பத்திரத்தில் 'இன்டெம்னிட்டி' என்று ஒரு பத்தி இருப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அதுவும் ஜாமீனும் ஒன்றல்ல. ஜாமீன் அண்ணனின் கடனைச் சார்ந்து நிற்பது. இன்டெம்னிட்டி என்பது வங்கிக்கு ஏற்படும் இழப்பை நீங்களே நேரடியாக ஈடுகட்டுவதாகத் தரும் தனி வாக்குறுதி. அண்ணனின் ஒப்பந்தம் ஏதோ ஒரு காரணத்தால் செல்லாமல் போனாலும் இது நிற்கக்கூடும். பத்திரத்தில் 'கன்டின்யூயிங் கேரன்டி' என்ற தொடர் இருக்கிறதா என்றும் பாருங்கள். அது இன்றைய கடனோடு நிற்காமல், அந்தக் கணக்கில் பின்னர் எடுக்கும் கடன்களுக்கும் தொடரும் பிணை.

உங்கள் முன் மூன்று வழிகள் உண்டு. கையெழுத்திட மறுப்பது ஒன்று. உங்கள் பொறுப்பின் உச்சவரம்பு இன்ன தொகை என்று பத்திரத்திலேயே எழுதித் தரும்படி வங்கியிடம் கேட்பது இரண்டாவது. ஆளுக்கு 60,000 என்று நீங்கள் நினைத்திருந்தால், அதை எழுத்தில் கேளுங்கள். வங்கி அலுவலர் "ஆமாம், உங்களுக்கு மூன்றில் ஒரு பங்குதான்" என்று வாயால் சொன்னால் போதாது. பொருள் புரியாமல் கையெழுத்திட்டேன் என்ற வாதத்தை நீதிமன்றங்கள் மிக அரிதாகவே ஏற்கும். எட்டு ஆண்டுகள் கடன் ஆவணம் தயாரித்தவர் அப்படிச் சொன்னால் கேட்பவர் யார்? மூன்றாவது வழி, விளைவை முழுவதும் அறிந்து, இழந்தாலும் தாங்கிக்கொள்வேன் என்ற முடிவோடு கையெழுத்திடுவது. அண்ணன் என்ற பாசத்துக்காக அப்படிச் செய்பவர்களை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் 60,000 என்று எண்ணிக்கொண்டு 180,000க்குக் கையெழுத்திடுவது பாசம் ஆகாது. எந்த வழியானாலும், வங்கிக்காகச் செயல்படாத ஒரு வழக்கறிஞரிடம் பத்திரத்தைக் காட்டுங்கள். உங்கள் அலுவலகம் அந்த வங்கியின் ஆவணங்களைத் தயாரிப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் உங்கள் அலுவலகத்தினரிடம் கேட்பது அவர்களையும் தர்மசங்கடத்தில் ஆழ்த்தும். வருமான வரம்புக்குள் வருபவரானால் பினாங்கு வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தை அணுகலாம்.

பழகிய முகத்தோடு வரும் சொற்கள்

'செவரலி' உங்களை ஏமாற்றியதற்குக் காரணம் அது அரிய சொல்லாக இருப்பதல்ல. தெரிந்த சொல்போல் இருப்பது. 'எஸ்டாப்பல்' என்றொரு சொல்லைப் பார்த்தால் நாம் உடனே நின்று அகராதியைத் தேடுகிறோம். ஒருவர் தம் பேச்சாலோ நடத்தையாலோ மற்றவரை ஒன்றை நம்பவைத்து, அதன்படி அவர் செயல்பட்டபின், அதை மறுத்துப் பேச முடியாதபடி தடுக்கும் கோட்பாடு அது. தெரியாதது என்று தெரிந்திருப்பதால் அதனால் ஆபத்துக் குறைவு. தெரிந்ததாக நினைத்துத் தாண்டிப் போகும் சொற்கள்தான் கையைச் சுடுகின்றன.

'கன்சிடரேஷன்' என்றால் பரிசீலனை என்று பள்ளியில் படித்தோம். ஒப்பந்தத்தில் அது ஒருவர் தருவதற்கு ஈடாக மற்றவர் தரும் மறுபயன், அது இல்லாத உடன்படிக்கை பெரும்பாலும் செல்லாது. 'எக்ஸிகியூட்' என்றால் பத்திரத்தை முறைப்படி கையொப்பமிட்டு நிறைவேற்றுவது. 'டிடர்மின்' என்று ஒப்பந்தத்தில் வந்தால் தீர்மானிப்பது என்று எண்ணிவிடாதீர்கள். அந்த ஒப்பந்தத்தை முடிவுக்குக் கொண்டுவருவது என்பதே அங்கே பெரும்பாலும் அதன் பொருள். 'விதவுட் பிரெஜுடிஸ்' என்று தலைப்பிட்ட கடிதத்தை, மனத்தில் வேறு எண்ணம் வைக்காமல் எழுதிய நல்ல கடிதம் என்று நினைத்து மகிழ்ந்த வாடிக்கையாளர்களை நான் பார்த்திருக்கிறேன். சமரசப் பேச்சுக்காக எழுதப்படும் இக்கடிதத்தில் உள்ளதை ஒப்புதலாக எடுத்து நீதிமன்றத்தில் காட்டக்கூடாது என்பதே அதன் கருத்து. 'சார்ஜ்' என்பது கட்டணமாகவும் குற்றச்சாட்டாகவும் வரும். தேசிய நிலச் சட்டத்தின்கீழ் நீங்கள் தினமும் நிரப்பும் 16ஏ படிவத்திலோ அது நிலத்தின்மீது வங்கி பெறும் பிணையுரிமை. நம் மக்கள் வீட்டுக் கடனை 'மார்கேஜ்' என்கிறார்கள், ஆனால் நம் நிலச் சட்டம் பேசுவது 'சார்ஜ்' என்ற முறையைத்தான்.

உங்களைப் பார்த்து மற்றவர்களைச் சிரிக்கவைத்த 'லீன்' என்ற சொல்லையே எடுத்துக்கொள்ளுங்கள். நம்மவர் 'கிராண்ட்' என்று சொல்லும் மூல நில உரிமைப் பத்திரத்தைக் கடன் கொடுத்தவரிடம் ஒப்படைத்து, அவர் அதன்பேரில் 'கேவியட்' பதிந்தால், அவருக்குக் கிடைக்கும் உரிமை அது. கேவியட் என்பது நிலப் பதிவேட்டில் போடும் தடைக்குறிப்பு. லத்தீனில் 'அவர் எச்சரிக்கையாக இருக்கட்டும்' என்று பொருள். தனியார் கேவியட் ஆறு ஆண்டுகளில் தானாகக் காலாவதியாகும். அந்த அறையில் சிரித்தவர்களில் எத்தனை பேருக்கு இது தெரிந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. உங்களுக்குத் தெரிந்திருக்கிறது என்பது உங்கள் கடிதத்திலிருந்தே தெரிகிறது.

உச்சரிப்புக்கு ஒரே நீதிபதி இல்லை

இனி நீங்கள் கேட்ட நூலுக்கு வருகிறேன். அப்படி ஒரு நூல் இல்லை. ஆங்கிலத்துக்கு உச்சரிப்பை விதிக்கும் சபை எதுவும் கிடையாது. 1917இல் டேனியல் ஜோன்ஸ் வெளியிட்ட உச்சரிப்பு அகராதி முதல் இன்றைய அகராதிகள்வரை, படித்தவர்கள் எப்படிப் பேசுகிறார்கள் என்பதைப் பதிவு செய்கின்றனவே அன்றிச் சட்டம் இயற்றுவதில்லை. 'லீன்' என்றும் 'லீயன்' என்றும் இரண்டையும் அவை தருகின்றன. உரிமையைக் கோருவதில் காட்டிய காலதாமதத்தைக் குறிக்கும் சொல்லை 'லாச்சிஸ்' என்பாரும் உண்டு, 'லேச்சிஸ்' என்பாரும் உண்டு. லத்தீன் தொடர்களிலோ இரண்டு மரபுகளே இருக்கின்றன. 'முதல் பார்வையில்' என்ற பொருள்தரும் தொடரைப் பழைய ஆங்கில வழக்கறிஞர் மரபில் 'பிரைமா ஃபேஷி' என்பர். லத்தீனை லத்தீனாகப் படித்தவர் 'பிரீமா ஃபாக்கியே' என்பார்.

இந்தச் சொற்கள் ஏன் எழுத்துக்கும் ஒலிக்கும் தொடர்பில்லாமல் நிற்கின்றன என்பது தெரிந்தால் உங்கள் கூச்சம் பாதி போய்விடும். 1066இல் நார்மன்கள் இங்கிலாந்தைக் கைப்பற்றியபின் அங்கே நீதிமன்றங்களின் பேச்சு பிரெஞ்சாகவும், பதிவேடு லத்தீனாகவும் ஆயின. வழக்கை ஆங்கிலத்தில் வாதிடலாம் என்ற சட்டம் 1362இல் வந்தது; அந்தச் சட்டத்தையே பிரெஞ்சு மொழியில்தான் எழுதினார்கள். பதிவேடுகளில் லத்தீன் 18ஆம் நூற்றாண்டு வரை நீடித்தது. பினாங்கு 1807இல் நீதிச் சாசனம் பெற்றபோது, இந்த மூன்று மொழிக் கலவை அப்படியே இங்கே இறங்கியது. போதாததற்கு, லத்தீன்மீது பற்றுக்கொண்ட அறிஞர்கள் ஒலிக்காத எழுத்துகளை நடுவில் செருகினார்கள். கடன் என்று பொருள்படும் 'டெட்' என்ற சொல்லில் உள்ள 'பி', லத்தீன் மூலத்தை நினைவூட்டுவதற்காகப் பின்னால் வந்தது. குற்றஞ்சாட்டுவதைக் குறிக்கும் 'இன்டைட்' என்பதில் உள்ள 'சி'யும் அப்படித்தான்.

சாட்சி அழைப்பாணை 'சபீனா'. 'தண்டனையின் கீழ்' என்பது அதன் லத்தீன் பொருள், வராவிட்டால் தண்டனை என்பதால். அழுத்தம் நடுவில் உள்ள 'பீ'யில். 'அஃபிடேவிட்' என்ற சத்தியப் பிரமாணத்தில் அழுத்தம் 'டே'யில் விழும். 'மார்கேஜ்' என்பதில் 'டி' ஒலிக்காது. பழைய தீர்ப்புகளில், தலைமை நீதிபதிக்கு அடுத்த நிலையில் உள்ளவரைக் குறிக்க ஒரு சொல் வரும். எழுத்தைப் பார்த்தால் 'புயிஸ்னே' என்று படிக்கத் தோன்றும், ஆனால் அது 'பியூனி'. பின்னால் பிறந்தவர் என்பது அதன் பிரெஞ்சு மூலம். ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டவர்களும் முதன்முறை அதில் தடுமாறுவார்கள்.

நீங்கள் தினமும் ஃபெர்ரியிலிருந்து இறங்கும் இடத்தை எப்படிச் சொல்கிறீர்கள்? 'வெல்ட் கீ'. அதன் எழுத்தைப் பார்த்துப் படித்தால் 'குவே' என்றுதான் வரும். சிறுவயதில் காதால் கேட்டுக் கற்றதால் அது உங்களுக்குப் பிழைபடவில்லை. அவ்வளவுதான் வேறுபாடு. சட்டச் சொற்களை நீங்கள் கண்ணால் மட்டும் கற்றீர்கள், ஏனென்றால் அவற்றை உங்கள் காதில் போட வீட்டிலோ பள்ளியிலோ யாரும் இல்லை. இது அறிவுக் குறைவல்ல. மறுபக்கமும் பாருங்கள்: நம்முடைய மிளகுத்தண்ணி ஆங்கிலத்தில் 'மல்லிகடானி' ஆனது, சுருட்டு 'ஷெரூட்' ஆனது. அவர்களை நாம் சிரித்து வாயடைக்கவில்லை.

ஃபெர்ரியில் படிக்கும் நூலைப் பற்றி ஒரு வார்த்தை. வயிறு உறுமும் ஓசைக்கு 'போர்போரிக்மஸ்' என்றும், காய்ந்த மண்ணில் மழை விழும்போது எழும் வாசனைக்கு 'பெட்ரிகோர்' என்றும் சொல் இருப்பதை அறிவது இன்பந்தான். மண்வாசனைக்கான அந்தச் சொல்லை ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் 1964இல்தான் உருவாக்கினார்கள். இன்பத்துக்காகப் படியுங்கள், தடையில்லை. ஆனால் உங்கள் அலுவலகக் கூச்சத்துக்கு அது மருந்தாகாது. அந்தச் சொற்கள் உங்கள் மேசைக்கு வரப்போவதே இல்லை. அதற்குப் பதிலாக உங்கள் கோப்புகளில் மீண்டும் மீண்டும் வரும் சொற்களை ஒரு குறிப்பேட்டில் எழுதுங்கள். ஒவ்வொன்றையும் கேம்பிரிட்ஜ் அல்லது ஆக்ஸ்ஃபோர்டு அகராதியின் இணையப் பதிப்பில் ஒலியாகக் கேளுங்கள். கேட்டதைத் தமிழ் எழுத்தில் எழுதி, அழுத்தம் விழும் அசைக்குக் கீழே கோடிடுங்கள். நாம் தமிழில் அசைகளை ஏறக்குறைய ஒரே எடையில் சொல்லிப் பழகியவர்கள். ஆங்கிலம் கேட்பவருக்கு அழுத்தம் இடம் மாறினால்தான் சொல்லே புரியாமல் போகிறது. பக்கத்தில் பொருளை அகராதியிலிருந்து எழுதாமல், உங்கள் ஆவணத்தில் அந்தச் சொல் என்ன வேலை செய்கிறது என்பதை ஒரு முழு வாக்கியமாக எழுதுங்கள். அந்த வாக்கியம் எழுத வராவிட்டால், அந்தச் சொல் உங்களுக்கு இன்னும் தெரியாது.

வேலையை விடுவது பற்றி

தயவுசெய்து இப்போது விலகல் கடிதம் கொடுக்காதீர்கள். ஒரு சொல்லைத் தவறாக உச்சரித்தது ஒழுங்கீனமும் அல்ல, பதவியிறக்கத்துக்கு நியாயமான காரணமும் அல்ல. உங்கள் சம்மதமின்றிச் சம்பளத்தையோ பதவியையோ குறைத்தால், அது ஒப்பந்தத்தின் வேரையே முறிப்பதாகி, மறைமுகப் பணிநீக்கமாகக் கருதப்படலாம். அப்போது 1967ஆம் ஆண்டு தொழில் உறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவின்கீழ், பணிநீக்கம் நடந்த நாளிலிருந்து 60 நாள்களுக்குள் தொழில் உறவுத் துறையில் முறையீடு செய்யவேண்டும். ஆனால் இதுவரை அலுவலகம் அப்படி எதுவும் செய்யவில்லை. ஒரு சக ஊழியரின் சிரிப்பை மட்டும் காரணமாக வைத்து நீங்களே விலகினால், அந்த உரிமையை நிலைநாட்டுவது மிகவும் கடினம். உங்களுக்கு உண்மையில் ஆபத்தாக இருப்பது வேறு: தொலைபேசியை எடுப்பது உங்கள் வேலையின் பகுதி, அதை நீங்கள் தவிர்த்துவருகிறீர்கள். உச்சரிப்பை யாரும் கோப்பில் எழுதமாட்டார்கள். எடுக்கப்படாத அழைப்புகளை எழுதலாம்.

அந்த இளம் வழக்கறிஞரைத் தனியே சந்தித்து, "திருத்துவதில் எனக்கு வருத்தமில்லை, வாடிக்கையாளர் முன்னால் வேண்டாம்" என்று நேராகச் சொல்லுங்கள். பெரும்பாலும் அதோடு முடியும். தொடர்ந்தால், நாளும் நிகழ்வும் குறித்துக்கொண்டு மூத்த வழக்கறிஞரிடம் போங்கள். அடுத்த முறை தெரியாத சொல் வந்தால், படிப்பதற்கு முன்பே "இதை எப்படிச் சொல்வீர்கள்?" என்று கேட்டுவிடுங்கள்.

தமிழ் மட்டும் தெரிந்த முதிய வாடிக்கையாளர்களுக்கு நீங்கள்தான் ஆவணத்தைத் தமிழில் விளக்குகிறீர்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த அலுவலகத்தில் வேறு யாரும் செய்ய முடியாத பணி அது; அதை விடாதீர்கள். ஆனால் சொல்லின் பொருளை விளக்குவதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கையெழுத்திடலாமா கூடாதா என்று அவர்கள் கேட்டால், வழக்கறிஞரை அறைக்குள் அழைத்து, அவர் சொல்வதைத் தமிழில் பெயர்த்துச் சொல்லுங்கள். தகுதி பெறாதவர் வழக்கறிஞரின் பணியைச் செய்வதை 1976ஆம் ஆண்டு வழக்கறிஞர் தொழில் சட்டம் தடை செய்கிறது, பிழை நேர்ந்தால் சுமை உங்கள்மீதும் விழும்.

அண்ணனுக்கு இன்றே தொலைபேசியில் பேசி, அடுத்த வாரத் தேதியைத் தள்ளிவைக்கச் சொல்லுங்கள். உச்சவரம்பு பற்றிய கேள்வியை வங்கிக்கு மின்னஞ்சலில் அனுப்புங்கள், பதிலும் எழுத்தில்தான் வேண்டும் என்று குறிப்பிடுங்கள். மற்ற இரு பிணையாளர்களுக்கும் அந்தத் தொடரின் பொருளைச் சொல்லிவிடுங்கள். அவர்களும் ஆளுக்கு 60,000 என்றே எண்ணிக்கொண்டிருக்கக்கூடும்.